ஹெல்பர் டிஎல்எல் லோடு ஆகவில்லை என்று நெட்ஷ் சொன்னால்: ஃபார்மேட் அடிக்கும் முன் செய்ய வேண்டியவை

நெட் வரவில்லை என்று யாரிடம் கேட்டாலும் ‘நெட்ஷ் வின்சாக் ரீசெட் அடித்துப் பாருங்கள்’ என்பார்கள். நெட்ஷ் என்பது விண்டோஸின் நெட்வொர்க் அமைப்பைக் கட்டளை அடித்து மாற்றுகிற கருவி, வின்சாக் என்பது புரோகிராம்கள் நெட்டோடு பேசுகிற அடித்தளம். நல்ல யோசனைதான். ஆனால் சில கம்ப்யூட்டர்களில் அந்தக் கட்டளையே ஓடாது. ‘த ஃபாலோயிங் ஹெல்பர் டிஎல்எல் கேனாட் பி லோடட்: டபிள்யூஎஸ்ஹெல்பர்.டிஎல்எல்’ என்று ஒரு வரி வரும், கீழேயே ‘கட்டளை கிடைக்கவில்லை’ என்று இன்னொரு வரி, அவ்வளவுதான். டிஎல்எல் என்பது புரோகிராம்கள் கூப்பிட்டுப் பயன்படுத்துகிற துணைக் கோப்பு. மருந்தே வேலை செய்யாத நிலை. மதுரையில் நான் மெஷினைத் தூக்கிக்கொண்டு போன கடையில், அந்த வரியைப் பார்த்த மாத்திரத்தில் “அண்ணே, டிஎல்எல் போயிருச்சு, ஃபார்மேட்தான்” என்றார்கள். ஃபார்மேட் தேவைப்படவில்லை. பெரும்பாலும் தேவைப்படாது. டிஎல்எல் ‘போய்விட்டது’ என்பதும் பல நேரம் உண்மையில்லை, கோப்பு அதன் இடத்தில்தான் இருக்கும், கெட்டிருப்பது வேறு ஏதாவது.

ஜெராக்ஸ் கடை, இ-சேவை மையம், ஆடிட்டர் ஆபீஸ், வீட்டில் பிள்ளைகள் படிக்கிற பழைய டெஸ்க்டாப் என்று விண்டோஸ் மெஷின் வைத்திருக்கிற, கட்டளை அடிக்கிற கருப்புத் திரையை (கமாண்ட் பிராம்ப்ட்) இதுவரை திறந்தே பார்க்காத ஆட்களுக்காக இதை எழுதுகிறேன். விண்டோஸ் 10, 11 இரண்டுக்கும் பொருந்தும். 7 வைத்திருந்தால் சில கட்டளைகள் ஓடாது, அந்த இடத்தில் சொல்கிறேன்.

கட்டளைகளை இங்கே ஒலிப்படி தமிழில் எழுதியிருக்கிறேன், அடிக்கும்போது ஆங்கில எழுத்தில் அடியுங்கள். நெட்ஷ் என்பது என், இ, டி, எஸ், எச், ஐந்தெழுத்து. குழப்பம் வரக்கூடிய மற்ற இடங்களிலும் இப்படிப் பிரித்துச் சொல்லிவிடுகிறேன்.

1. கோளாறு உள்ளேயா வெளியேயா என்று முதலில் பாருங்கள்

பாதாளச் சாக்கடைக்கும் குடிநீர்க் குழாய்க்கும் தெருவைத் தோண்டும்போது ஃபைபர் கேபிள் அறுந்து போவது நம்ம ஊரில் சாதாரணம். அந்த நேரத்தில் கம்ப்யூட்டரைப் போட்டு நோண்டிப் பயனில்லை. மோடத்தில் சிவப்பு விளக்கு எரிந்தால் கேபிள்காரருக்கு போன் போடுங்கள், இந்தக் கட்டுரை உங்களுக்கு இல்லை.

விளக்கெல்லாம் சரியாக இருந்து, அதே வைஃபையில் போன் ஓடுகிறது, மெஷினில் மட்டும் வரவில்லை என்றால்: கருப்புத் திரையில் (திறக்கும் விதம் 2-ம் படியில்) பிங் 127.0.0.1 என்று அடியுங்கள். இது மெஷின் தன்னைத்தானே கூப்பிட்டுப் பார்ப்பது, கேபிளே செருகாவிட்டாலும் பதில் வர வேண்டும். ‘அனேபிள் டு கான்டாக்ட் ஐபி டிரைவர்’ அல்லது ‘ஜெனரல் ஃபெயிலியர்’ என்று வந்தால் கோளாறு மெஷினுக்குள், சந்தேகமே வேண்டாம். பதில் ஒழுங்காக வந்தால் அடுத்து உங்கள் மோடத்தின் எண்ணை (பல மோடங்களில் 192.168.1.1) பிங் செய்யுங்கள், அதுவும் வந்தால் 8.8.8.8 (கூகுளின் சர்வர், வெளியே வரை வழி இருக்கிறதா என்று பார்க்க).

இன்னொரு அடையாளம் ஐபிகான்ஃபிக். அடித்ததும் 169.254 என்று தொடங்குகிற எண் தெரிந்தால், மோடத்திடமிருந்து மெஷினுக்கு முகவரி கிடைக்கவில்லை, அதனால் தானே ஒன்றைப் போட்டுக்கொண்டிருக்கிறது என்று அர்த்தம். இது கேபிளாலும் இருக்கலாம், உள்கோளாறாலும் இருக்கலாம். வேறு லேன் கேபிள் ஒன்றை மாற்றிப் போட்டுப் பார்த்துவிட்டு மேலே போங்கள்.

உள்கோளாறு என்று தெரிந்தபிறகு புது லேன் கார்டு, யுஎஸ்பி வைஃபை என்று வாங்கி மாட்டாதீர்கள். வின்சாக் என்கிற அடித்தளம் கெட்டிருந்தால் எந்தக் கார்டைப் போட்டாலும், போனை யுஎஸ்பியில் சொருகி நெட் எடுத்தாலும், எல்லாம் அதே அடித்தளம் வழியாகத்தான் போயாக வேண்டும். காசுதான் வீண்.

2. கருப்புத் திரையை அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறங்கள்

ஸ்டார்ட்டில் சிஎம்டி என்று அடித்து, கமாண்ட் பிராம்ப்ட் மேல் ரைட் கிளிக் செய்து ‘ரன் ஆஸ் அட்மினிஸ்ட்ரேட்டர்’. மேலே தலைப்பில் அட்மினிஸ்ட்ரேட்டர் என்று இருக்கிறதா என்று கண்ணால் பாருங்கள். இல்லையென்றால் பாதிக் கட்டளைகள் ‘எலிவேஷன் (அட்மினிஸ்ட்ரேட்டர் அனுமதி) வேண்டும்’ என்று திருப்பி அனுப்பும். அதை டிஎல்எல் கோளாறு என்று நினைத்துக் குழம்புகிறவர்கள் நிறைய. பவர்ஷெல் வேண்டாம், கமாண்ட் பிராம்ப்டே போதும், கீழே ஒரு இடத்தில் இந்த வித்தியாசம் காலை வாரும்.

3. கை வைக்கும் முன் எழுதி வைக்க வேண்டியவை

தயவுசெய்து இந்தப் படியைத் தாண்டிப் போகாதீர்கள். ரீசெட் அடித்தால் நெட் வந்துவிடும், ஆனால் பிரிண்டர் ஓடாது, வருகைப் பதிவு மெஷின் பேசாது, டேலி சர்வர் கிடைக்காது, ஏனென்றால் கையால் போட்டு வைத்திருந்த ஐபி எண்கள் அழிந்திருக்கும். போட்டுக் கொடுத்தவர் சென்னைக்கோ துபாய்க்கோ போயிருப்பார்.

ஐபிகான்ஃபிக் /ஆல் அடித்து, வருகிறதை அப்படியே போனில் போட்டோ எடுங்கள். அதில் ‘டிஎச்சிபி எனேபிள்ட்’ என்ற வரிக்கு எதிரே நோ என்று இருந்தால் உங்கள் மெஷினில் ஸ்டேடிக் ஐபி, அதாவது கையால் போட்ட மாறாத ஐபி இருக்கிறது. ஐபி எண், சப்நெட் மாஸ்க், கேட்வே, டிஎன்எஸ் நான்கையும் ஒரு பேப்பரில் எழுதி டேபிளில் வையுங்கள். போன் சார்ஜ் போய்விட்டால் போட்டோ உதவாது.

அப்புறம் சி டிரைவில் பேக்கப் என்று ஒரு ஃபோல்டர் உண்டாக்கிவிட்டு, நெட்ஷ் இன்டர்ஃபேஸ் டம்ப், அதன் பின்னால் ஒரு வலப்பக்க அம்புக்குறி (>), பின்னால் அந்த ஃபோல்டரின் முழுப் பாதையோடு ஒரு கோப்புப் பெயர், கடைசியில் .டிஎக்ஸ்டி என்று அடியுங்கள். எல்லா இணைப்பு அமைப்பும் எழுத்தாக அந்தக் கோப்பில் விழும். பிறகு நெட்ஷ் -எஃப் என்று அடித்து அதே கோப்பின் பாதையைக் கொடுத்தால் திரும்ப ஏற்றிக்கொள்ளும். முழுப் பாதை கொடுக்காமல் வெறும் பெயர் கொடுத்தால் கோப்பு விண்டோஸின் சிஸ்டம்32 ஃபோல்டருக்குள் போய் உட்கார்ந்துகொள்ளும், அட்மினிஸ்ட்ரேட்டர் திரை அங்கேதான் திறக்கிறது. எங்கே போனது என்று டெஸ்க்டாப்பில் தேடிக்கொண்டிருப்பீர்கள். பவர்ஷெல்லில் இதே அம்புக்குறியைப் போட்டால் கோப்பு வேறு வகை எழுத்துக் குறியீட்டில் சேமிக்கப்படும், திரும்ப ஏற்றும்போது தகராறு செய்யலாம். அதனால்தான் கமாண்ட் பிராம்ப்டோடு நிற்கச் சொன்னேன். டம்ப் கட்டளையே ஓடவில்லை என்றால் பரவாயில்லை, பேப்பர் இருக்கிறதே.

வைஃபை மெஷின் என்றால் பாஸ்வேர்டுகளையும் எடுங்கள்: நெட்ஷ் டபிள்யூலேன் எக்ஸ்போர்ட் ப்ரொஃபைல் கீ=கிளியர் ஃபோல்டர்= என்று எழுதி பேக்கப் ஃபோல்டரின் பாதை. இதில் பாஸ்வேர்டு யாரும் படிக்கிற மாதிரி வெட்டவெளிச்சமாகப் பதிவாகும். கடை மெஷின் என்றால் வேலை முடிந்ததும் அந்தக் கோப்பை அழித்துவிடுங்கள்.

இவற்றோடு கையில் இருக்க வேண்டிய சமாச்சாரங்கள்: பிராட்பேண்ட் யூசர்நேம், பாஸ்வேர்டு (சில இணைப்புகளில் மெஷினிலேயே டயல் செய்கிற மாதிரி போட்டிருப்பார்கள்), மெஷின் வாங்கிய பில் (வாரன்டி இருந்தால் பிரித்துப் பார்க்காமல் அங்கேயே கொடுக்கலாம்), முக்கியமாக பிட்லாக்கர் மீட்புச் சாவி. புது விண்டோஸ் 11 மெஷின்களில் டிஸ்க் தானாகவே பூட்டப்பட்டிருக்கலாம். பெரிய ரிப்பேர் செய்யும்போது 48 இலக்கச் சாவி கேட்டால் அது உங்கள் மைக்ரோசாஃப்ட் கணக்கில்தான் இருக்கும். அந்தக் கணக்கே நினைவில்லை என்பவர்கள் இப்போதே போனில் உள்ளே போய்ப் பார்த்துவிடுங்கள்.

4. எந்தக் கோப்பு என்று எழுத்தெழுத்தாகப் படியுங்கள்

நெட்ஷ் ஒரு மேஸ்திரி மாதிரி. தானாக ஒரு வேலையும் செய்யாது, ஒவ்வொரு வேலைக்கும் ஒரு ஆள் வைத்திருக்கிறது. அந்த ஆட்கள்தான் ஹெல்பர் டிஎல்எல் கோப்புகள். யார் யார் ஆள் என்கிற பட்டியல் ரெஜிஸ்ட்ரியில் (விண்டோஸ் தன் அமைப்புகளை எழுதி வைத்திருக்கிற பதிவேடு) இருக்கிறது: எச்கீ லோக்கல் மெஷின், சாஃப்ட்வேர், மைக்ரோசாஃப்ட், நெட்எஸ்எச். நெட்ஷ் திறக்கும் ஒவ்வொரு முறையும் இந்தப் பட்டியலில் உள்ள எல்லாரையும் கூப்பிடும். அதில் ஒருவர் வரவில்லை என்றாலும் கத்தும், உங்கள் வேலைக்கும் அவருக்கும் சம்பந்தமே இல்லாவிட்டாலும். இது புரிந்தால் பாதி பயம் போய்விடும்.

நெட்ஷ் ஷோ ஹெல்பர் என்று அடியுங்கள். நீளமான அடையாள எண், கோப்புப் பெயர், அது பார்க்கிற வேலை என்று மூன்று பத்திகளாகப் பட்டியல் வரும். அடிக்கடி வம்பு செய்கிறவை:

டபிள்யூஎஸ்ஹெல்பர் (டபிள்யூ, எஸ், பின்னால் ஹெல்பர்): வின்சாக் கட்டளைகளுக்கு. இது இல்லாவிட்டால் வின்சாக் ரீசெட் ஓடாது.

டபிள்யூஎச்ஹெல்பர் (டபிள்யூ, எச், பின்னால் ஹெல்பர்): ப்ராக்ஸி பார்க்கிற வின்எச்டிடிபி கட்டளைகளுக்கு. மேலே உள்ளதும் இதுவும் ஒரே எழுத்துதான் வித்தியாசம். ஒன்றுக்குப் பதில் மற்றதைச் சரிசெய்துவிட்டு ‘எல்லாம் செய்தும் அதே எரர்’ என்று உட்கார்ந்திருப்பவர்களைப் பார்த்திருக்கிறேன்.

இஃப்மான், நெட்ஐஓஎச்எல்பி: இன்டர்ஃபேஸ், ஐபி முகவரி வேலைகள் எல்லாம் இந்த இருவர் தலையில்.

டபிள்யூலேன்சிஎஃப்ஜி: வைஃபை. டாட்3சிஎஃப்ஜி: கேபிள் இணைப்பின் ‘லேன்’ பிரிவு. என்எஸ்எச்எச்டிடிபி: எச்டிடிபி. ஆத்எஃப்டபிள்யூசிஎஃப்ஜி: ஃபயர்வால். டிஎச்சிபிசிமானிட்டர்: டிஎச்சிபி கிளையன்ட்.

இவை எல்லாம் சிஸ்டம்32 ஃபோல்டரில்தான் இருக்கும். இவற்றுக்கும் கீழே ஐபிஹெச்எல்பிஏபிஐ, டபிள்யூஎஸ்2_32, டிஎன்எஸ்ஏபிஐ என்று வேறு சில கோப்புகள் உண்டு. அவை நெட்ஷுக்கு மட்டும் சொந்தமில்லை, ஐபிகான்ஃபிக்கிலிருந்து பிரவுசர் வரை எல்லாரும் அவற்றின் மேல்தான் நிற்கிறார்கள். அவை கெட்டால் நெட்ஷ் மட்டும் தனியாக அழாது, எல்லாம் சேர்ந்து விழும்.

இப்போது எரர் வரியைப் பாருங்கள். ‘கேனாட் பி லோடட்’ என்றால் கோப்பு இல்லை, அல்லது கெட்டிருக்கிறது, அல்லது ஆன்டிவைரஸ் தூக்கி உள்ளே போட்டிருக்கிறது. 5, 6-ம் படிக்குப் போங்கள். (முதலில் ஆன்டிவைரஸ் சந்தேகக் கோப்புகளை அடைத்து வைக்கிற குவாரன்டைன் பட்டியலை ஒரு பார்வை பாருங்கள், அங்கேயே கிடைத்தால் வேலை முடிந்தது.) ‘இனிட்ஹெல்பர்டிஎல்எல் … ஃபெயில்ட் டு ஸ்டார்ட் வித் எரர் கோட் 10107’ என்று வந்தால் கோப்பு நன்றாகத்தான் இருக்கிறது, கூப்பிட்டதும் வந்துவிட்டது, வந்து நிற்க அடித்தளம் இல்லை. அதாவது வின்சாக் பதிவுகள் கெட்டுப்போயிருக்கின்றன. இந்த நிலையில் அதே டிஎல்எல்லைத் திரும்பத் திரும்ப மாற்றிக்கொண்டிருப்பதில் அர்த்தமில்லை, நேரே 8-ம் படி.

டிஎல்எல் கோளாறே இல்லாத சில எரர்களும் இருக்கின்றன. ‘டபிள்யூலேன்எஸ்விசி இஸ் நாட் ரன்னிங்’ என்றால் வைஃபை சர்வீஸ் நின்றிருக்கிறது. சர்வீசஸ் பட்டியலில் டபிள்யூலேன் ஆட்டோகான்ஃபிக்கை ஸ்டார்ட் செய்தால் போதும். நெட்ஷ் லேன் அடித்து டாட்3எஸ்விசி ஓடவில்லை என்று வந்தால் அதுவும் அப்படித்தான், அந்த சர்வீஸ் சாதாரணமாகவே நிறுத்தி வைக்கப்பட்டிருக்கும், பதற வேண்டாம். ஐபி போடும்போது ‘ஃபைல்நேம், டைரக்டரி நேம் … சின்டாக்ஸ் இன்கரெக்ட்’ என்று ஏதோ கோப்புச் சண்டை மாதிரி வந்தால், நீங்கள் கொடுத்த இணைப்பின் பெயர் தப்பு. நெட்ஷ் இன்டர்ஃபேஸ் ஷோ இன்டர்ஃபேஸ் அடித்து உண்மையான பெயரை எடுத்து, இரட்டை மேற்கோளுக்குள் போடுங்கள்.

5. அந்த ஒரு கோப்பை மட்டும் சோதியுங்கள்

முழு ஸ்கேனுக்கு உட்காரும் முன் இதைச் செய்யலாம், சட்டென்று முடியும். எஸ்எஃப்சி /வெரிஃபைஃபைல்= என்று அடித்து இடைவெளி விடாமல் கோப்பின் முழுப் பாதை. கோளாறு என்று சொன்னால் வெரிஃபைஃபைல் இருக்கும் இடத்தில் ஸ்கேன்ஃபைல் என்று மாற்றி அடியுங்கள், சரிசெய்யவும் முயலும்.

இந்த இடத்தில்தான் எல்லாரும் போய் விழுகிற பள்ளம் இருக்கிறது. கோப்புப் பெயரைத் தேடினால் ‘இலவச டிஎல்எல் டவுன்லோடு’ என்று வரிசையாகத் தளங்கள் வரும். தொடவே தொடாதீர்கள். அந்தக் கோப்பு எந்த விண்டோஸ் பதிப்பினுடையது, உள்ளே என்ன கலந்திருக்கிறது, யாருக்கும் தெரியாது. ஹெல்பர் பட்டியலில் தன் கோப்பைச் சொருகிக்கொண்டு நெட்ஷ் திறக்கும்போதெல்லாம் தானும் ஓடுவது வைரஸ்காரர்களின் பழைய தந்திரம். பணப் பரிமாற்றம் நடக்கிற இ-சேவை மெஷினில் இந்த விளையாட்டு வேண்டாம்.

பக்கத்துக் கடை மெஷினிலிருந்து பென் டிரைவில் எடுத்து வரலாமா என்றால், வின்வெர் என்று அடித்து இரண்டிலும் பில்ட் எண் ஒன்றா என்று பாருங்கள். ஒன்றாகவே இருந்தாலும் விண்டோஸ் அந்த ஃபோல்டருக்குள் சாதாரணமாக எழுத விடாது, அனுமதியை மாற்றி மல்லுக்கட்ட வேண்டும். நான் சிபாரிசு செய்ய மாட்டேன். இதில் இன்னொரு தலைகீழ் விஷயம்: சிஸ்டம்32 என்பதில் 64-பிட் கோப்புகள், சிஸ்வாவ்64 என்பதில் 32-பிட் கோப்புகள். பெயரைப் பார்த்து மாற்றிப் போட்டுவிட்டால் இருந்ததும் போச்சு.

6. டிஸ்ம் முதலில், எஸ்எஃப்சி அப்புறம்

பலர் நேராக எஸ்எஃப்சி /ஸ்கேன்நவ் அடிப்பார்கள். அது நல்ல கோப்பை விண்டோஸ் தனக்குள் வைத்திருக்கிற களஞ்சியத்திலிருந்து எடுத்துப் போடுகிறது. களஞ்சியமே கெட்டிருந்தால் ‘சிலவற்றைச் சரிசெய்ய முடியவில்லை’ என்று கை விரிக்கும். அதனால் முதலில் களஞ்சியம்: டிஸ்ம் /ஆன்லைன் /கிளீன்அப்-இமேஜ் /ரெஸ்டோர்ஹெல்த். டிஸ்ம் என்பது டி, ஐ, எஸ், எம். ஒவ்வொரு சாய்கோட்டுக்கும் முன் இடைவெளி விடுங்கள், கிளீன்அப்புக்கும் இமேஜுக்கும் நடுவே சிறு கோடு. விண்டோஸ் 7-இல் ரெஸ்டோர்ஹெல்த் கிடையாது, அங்கே எஸ்எஃப்சி மட்டும்தான்.

நேரம்: எஸ்எஸ்டி மெஷினில் அரை மணிக்குள் முடிந்துவிடும். பழைய ஹார்டு டிஸ்க் என்றால் ஒரு மணி நேரம்கூட ஆகும். 62.3 சதவீதத்தில் வந்து அசையாமல் நிற்கும், செத்துவிட்டது என்று நினைத்து மூடிவிடாதீர்கள், டீ குடித்துவிட்டு வாருங்கள். மின்வாரியம் மாதாந்திரப் பராமரிப்பு என்று பகல் முழுக்க கரண்டை நிறுத்துகிற நாள் எது என்று பேப்பரில் பார்த்துவிட்டு ஆரம்பியுங்கள். யுபிஎஸ் இல்லாத மெஷினில் நடுவில் கரண்ட் போனால் சரிசெய்ய வந்தது இன்னும் கெடும். சொல்லப்போனால் இந்தக் கோப்புகள் கெட்டுப்போவதற்கே அப்டேட் ஓடும்போது கரண்ட் போவது ஒரு முக்கியக் காரணம்.

நீங்கள் கேட்கப்போவது தெரிகிறது: டிஸ்ம் நல்ல கோப்புகளை நெட்டிலிருந்து எடுக்கும், நெட்டே இல்லையே? சில மெஷின்களில் களஞ்சியத்தில் இருப்பதை வைத்தே முடித்துவிடும். 0எக்ஸ்800எஃப்081எஃப் என்ற எரர் வந்தால்தான் வெளியிலிருந்து கோப்பு கொடுக்க வேண்டும். வேறு மெஷினில் மைக்ரோசாஃப்ட் தளத்திலிருந்து உங்கள் விண்டோஸின் ஐஎஸ்ஓவை (இன்ஸ்டால் டிஸ்க் முழுவதும் அடங்கிய ஒற்றைக் கோப்பு) இறக்குங்கள். இலவசம்தான், ஆனால் 5 ஜிபிக்கு மேல், போன் டேட்டாவில் இறக்கினால் அன்றைய கணக்கு காலி. 16 ஜிபி பென் டிரைவ் போதும், டவுன்ஹால் ரோட்டில் சில நூறு ரூபாய்க்குக் கிடைக்கும், பில் போட்டு வாங்குங்கள். 4 ஜிபிக்கு மேற்பட்ட கோப்பு என்பதால் பென் டிரைவை என்டிஎஃப்எஸ் அல்லது எக்ஸ்ஃபேட் ஆக மாற்றிக்கொள்ளாவிட்டால் இடம் இருந்தும் ஏறாது.

கெட்ட மெஷினில் ஐஎஸ்ஓவை இரட்டைக் கிளிக் செய்தால் புது டிரைவாகத் திறக்கும். எஃப் என்ற எழுத்து விழுந்தது என்று வைத்துக்கொண்டால், முந்தைய டிஸ்ம் கட்டளைக்குப் பின்னால் /சோர்ஸ்:விம்:எஃப்:\சோர்சஸ்\இன்ஸ்டால்.விம்:1 /லிமிட்ஆக்சஸ் என்று சேர்க்க வேண்டும். கடைசியில் உள்ள அந்த 1 எல்லாருக்கும் 1 இல்லை. ஒரே கோப்புக்குள் ஹோம், ப்ரோ என்று பல பதிப்புகள் எண் போட்டு வைக்கப்பட்டிருக்கும். டிஸ்ம் /கெட்-விம்இன்ஃபோ /விம்ஃபைல்: என்று அதே பாதையைக் கொடுத்தால் எந்த எண் எது என்று காட்டும், உங்களுடையதைப் போடுங்கள். சோர்சஸ் ஃபோல்டரில் இன்ஸ்டால்.விம்முக்குப் பதில் இன்ஸ்டால்.இஎஸ்டி இருந்தால் விம் என்று வருகிற இரண்டு இடத்திலும் இஎஸ்டி.

டிஸ்ம் முடிந்ததும் எஸ்எஃப்சி /ஸ்கேன்நவ், ஸ்கேனுக்கும் நவ்வுக்கும் இடைவெளி கிடையாது. ‘சரிசெய்துவிட்டேன்’ என்று வந்தால் ரீஸ்டார்ட் செய்துவிட்டு நெட்ஷ் ஷோ ஹெல்பர் மறுபடி. ‘ரிப்பேர் பெண்டிங், ரீபூட்’ என்று வந்தால் ரீஸ்டார்ட் செய்துவிட்டு எஸ்எஃப்சியை மறுபடி.

7. கோப்பு இருக்கிறது, பட்டியலில் பெயர் இல்லையென்றால்

நெட்ஷ் ஆட் ஹெல்பர், பின்னால் கோப்புப் பெயர். ஓகே என்று வந்தால் சேர்ந்துவிட்டது. இதற்கு நேர்மாறு: பட்டியலில் பெயர் இருக்கிறது, அந்த வேலையே இப்போது விண்டோஸில் இல்லை. பழைய மெஷினை அப்கிரேடு செய்தவர்களுக்கு இப்படி மிச்சம் மீதி நிற்கும். உதாரணமாக நேப் என்கிற வசதியையே விண்டோஸ் 10-இல் எடுத்துவிட்டார்கள், அதன் ஹெல்பர் என்ஏபிமான்டிஆர் பட்டியலில் தங்கிப்போயிருந்தால் அதற்கு ஆள் தேடி அலைய வேண்டாம், நெட்ஷ் டெலீட் ஹெல்பர் போட்டு எடுத்துவிடுங்கள். எடுக்கும் முன் ரெஜிஸ்ட்ரியில் அந்த நெட்எஸ்எச் கீயை எக்ஸ்போர்ட் செய்து வையுங்கள். பெயரே கேள்விப்படாத, சிஸ்டம்32-க்கு வெளியே எங்கிருந்தோ ஓடுகிற கோப்பு ஒன்று பட்டியலில் இருந்தால் அழிக்க அவசரப்படாமல் முதலில் ஆன்டிவைரஸ் முழு ஸ்கேன் ஓட்டுங்கள்.

ரெக்எஸ்விஆர்32 வைத்து ரிஜிஸ்டர் செய்யச் சொல்லி யாராவது சொன்னால், அது வேறு வகை டிஎல்எல்களுக்கான கருவி. நெட்ஷின் பட்டியலில் சேர்க்கிற வழி மேலே சொன்ன ஆட் ஹெல்பர்தான்.

8. இப்போதுதான் ரீசெட்

நெட்ஷ் வின்சாக் ரீசெட். ‘சக்சஸ்ஃபுல்லி’ என்ற சொல்லில் சில பதிப்புகளில் ஒரு எழுத்து விட்டுப்போயிருக்கும், மைக்ரோசாஃப்ட்காரர்கள் செய்த பிழைதான், வைரஸ் என்று பயப்படாதீர்கள். அடுத்து நெட்ஷ் இன்ட் ஐபி ரீசெட். வரிசையாக ஓகே வரும், நடுவில் ஒரு வரியில் மட்டும் ‘ஆக்சஸ் இஸ் டினைட்’ என்று வரலாம், அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறந்திருந்தாலும் வரும். ரெஜிஸ்ட்ரியில் ஒரு கீக்கு அனுமதி இல்லாததால் வருவது, மற்றவை எல்லாம் ஓகே என்றால் அதை விட்டுவிட்டு மேலே போகலாம். அப்புறம் ஐபிகான்ஃபிக் /ஃப்ளஷ்டிஎன்எஸ்.

பிறகு ரீஸ்டார்ட். ஷட் டவுன் செய்து பவர் பட்டனை அமுக்கி ஆன் செய்வது இதற்குச் சமம் இல்லை. ஃபாஸ்ட் ஸ்டார்ட்அப் என்ற வசதி இருப்பதால் விண்டோஸ் 10, 11-இல் ஷட் டவுன் கொடுத்தால் உள்பகுதியை முழுதாக மூடாமல் டிஸ்கில் உறைய வைத்துவிட்டுத்தான் போகிறது, மறுபடி ஆன் செய்தால் அதே பழைய நிலையை எடுத்து விரிக்கும். ரீஸ்டார்ட் கொடுத்தால்தான் உண்மையாகவே புதிதாகத் தொடங்கும். ‘ரீசெட் அடித்தேன், ஒன்றும் ஆகவில்லை’ என்பவர்களிடம் நான் முதலில் கேட்பது இதைத்தான்.

10107 எரரால் வின்சாக் ரீசெட்டே ஓடாதவர்கள்: செட்டிங்ஸ், நெட்வொர்க் பகுதியில் அடியில் ‘நெட்வொர்க் ரீசெட்’ இருக்கும். எல்லா நெட்வொர்க் கார்டுகளையும் எடுத்துவிட்டு மறுபடி போடும், 5 நிமிடத்தில் தானாக ரீஸ்டார்ட் ஆகும் என்று எச்சரிக்கும், அதற்குள் திறந்திருக்கிற வேலையைச் சேமியுங்கள். விபிஎன் மென்பொருள் இருந்தால் மறுபடி போட வேண்டி வரலாம்.

9. இதுவும் பலிக்கவில்லை என்றால்

ஃபார்மேட்டுக்கு முன் இன்னும் ஒன்று பாக்கி இருக்கிறது. அதே ஐஎஸ்ஓவைத் திறந்து செட்அப்பை ஓடவிட்டு, ‘கோப்புகளையும் ஆப்களையும் வைத்துக்கொள்’ என்பதைத் தேர்வு செய்யுங்கள். விண்டோஸ் மட்டும் புதிதாகும், டேலி, பிரிண்டர் டிரைவர், பிள்ளைகளின் போட்டோ எல்லாம் அப்படியே இருக்கும். அந்த வரி மங்கலாகத் தெரிந்து தேர்வு செய்ய முடியாமல் இருந்தால் ஐஎஸ்ஓவின் பதிப்போ மொழியோ பொருந்தவில்லை என்று அர்த்தம், அங்கேயே நிறுத்துங்கள், மேலே நெக்ஸ்ட் அடித்தால் ஆப்கள் போய்விடும், கோப்புகளும் போகலாம். டிஸ்க் வேகத்தைப் பொறுத்து ஒன்றிரண்டு மணி நேரம் ஒதுக்குங்கள். சி டிரைவில் 20 ஜிபியாவது காலி இருக்கட்டும். பிட்லாக்கர் போட்டிருந்தால் முதலில் சஸ்பெண்ட் செய்துவிடுங்கள்.

விண்டோஸ் 10-க்கான சாதாரண ஆதரவு 2025 அக்டோபர் 14-ஓடு முடிந்துவிட்டது. மெஷின் 11-ஐ ஏற்கும் என்றால் இந்த வேலையை 10-லேயே செய்யாமல் 11-இன் ஐஎஸ்ஓவை வைத்து அப்கிரேடாகவே செய்துவிடலாம், உழைப்பு ஒன்றுதான்.

கடையில் கொடுப்பதாக முடிவு செய்தால் கட்டணம் கடைக்குக் கடை மாறும், திருமங்கலத்தில் ஒன்று, சிம்மக்கல்லில் ஒன்று. விலையைவிட ஒரு விஷயத்தை வாயால் சொல்லி உறுதி வாங்குங்கள்: “ஃபார்மேட் வேண்டாம், ரிப்பேர் இன்ஸ்டால் மட்டும். டேட்டாவைத் தொடக் கூடாது.” இதை பில்லிலும் எழுதச் சொல்லுங்கள்.

நெட் வந்ததும் 3-ம் படியில் எழுதிய பேப்பரை எடுத்து ஸ்டேடிக் ஐபியை மறுபடி போடுங்கள்: நெட்ஷ் இன்டர்ஃபேஸ் ஐபி செட் அட்ரஸ், பின்னால் மேற்கோளுக்குள் இணைப்பின் பெயர், ஸ்டேடிக், ஐபி, மாஸ்க், கேட்வே, இதே வரிசையில். டிஎன்எஸ் இதில் வராது, செட் டிஎன்எஸ் என்று தனியாகக் கொடுக்க வேண்டும். பிரிண்டரில் ஒரு பேப்பர் எடுத்துப் பாருங்கள், வருகைப் பதிவு மெஷினைத் தொட்டுப் பாருங்கள், பேக்கப் ஃபோல்டரில் கிடக்கிற வைஃபை பாஸ்வேர்டு கோப்பை அழித்துவிட்டு ரீசைக்கிள் பின்னையும் காலி செய்யுங்கள்.